ஏஎஃப்எல்லுக்குப் போகாத மிட்ஃபீல்டர்: அந்த வாழ்க்கை எப்படி இருக்கும்?

கேள்வி இதுதான்: "ஆஸ்திரேலியன் ஃபுட்பால் வீரர் ஒருவரைப் பற்றிய குறிப்பைப் படித்தேன். மாநில லீக்கில் பத்துப் பன்னிரண்டு வருடம் மிட்ஃபீல்டராக ஆடியிருக்கிறார். கிளப்பின் சிறந்த வீரர் விருதும் வாங்கியிருக்கிறார். ஆனால் நாட்டின் உச்ச லீக்கான ஏஎஃப்எல்லில் ஒரு ஆட்டம்கூட ஆடவில்லை. இப்படி ஒருவரின் ஆட்டக்காலம் உண்மையில் எப்படி இருக்கும்? அவரைத் தோற்றுப்போனவர் என்று எடுத்துக்கொள்வதா?"

தோற்றுப்போனவர் இல்லை. அடிலெய்டில் பல வருடங்களாக மாநில லீக் ஆட்டங்களைப் பார்த்துக்கொண்டிருப்பவன் என்ற முறையில் இதை உறுதியாகச் சொல்வேன். வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்கு மாநில லீக் என்றால் ஏஎஃப்எல்லுக்கான காத்திருப்பு அறை மாதிரித் தெரிகிறது. அங்கே ஆடுகிறவர்களில் பெரும்பாலானவர்களுக்கு அதுதான் வீடு. இந்த வித்தியாசம் புரிய, கொஞ்சம் பழைய கதையும் தெரிய வேண்டும், களத்தின் நடுவில் என்ன நடக்கிறது என்றும் தெரிய வேண்டும்.

பழைய கதையை முதலில் சொல்கிறேன். இங்கே எல்லோரும் 'ஃபுட்டி' என்று சொல்கிற இந்த ஆட்டத்தில் இன்று உச்சியில் இருப்பது ஏஎஃப்எல். அதற்கு அடுத்த படியில் மூன்று பெரிய லீக்குகள் இருக்கின்றன: தெற்கு ஆஸ்திரேலியாவின் எஸ்ஏஎன்எஃப்எல், மேற்கு ஆஸ்திரேலியாவின் டபிள்யூஏஎஃப்எல், விக்டோரியாவின் விஎஃப்எல். மேற்கத்திய லீக்கைப் பெர்த்காரர்கள் வாய் நிறைய 'வாஃபிள்' என்பார்கள். விஎஃப்எல் என்ற பெயரில் மட்டும் ஒரு குழப்பம் உண்டு. 1989 வரை அது விக்டோரியாவின் முதல்நிலை லீக்கின் பெயர். அந்த லீக்தான் 1990இல் ஏஎஃப்எல் ஆனது. இன்றைய விஎஃப்எல், பழைய விஎஃப்ஏ என்ற இரண்டாம்நிலை அமைப்பின் வாரிசு.

அடிலெய்டு லீக், அதாவது எஸ்ஏஎன்எஃப்எல், 1877இல் தொடங்கியது, பெர்த் லீக் 1885இல். விக்டோரியா லீக்கில் பெர்த்தின் வெஸ்ட் கோஸ்ட் அணியும் பிரிஸ்பன் அணியும் சேர்ந்ததே 1987இல்தான். அடிலெய்டு குரோஸ் 1991இல் வந்தது, ஃப்ரீமாண்டில் 1995இல், போர்ட் அடிலெய்டு 1997இல். அதாவது நூறு வருடத்துக்கும் மேல் இந்த ஊர்க்காரர்களுக்கு மாநில லீக்தான் மேல்தட்டு. 1970களில் இங்கே ஆல்பர்ட்டன் பகுதியில் வளர்ந்த ஒரு பையனின் கனவு, போர்ட் அடிலெய்டின் கறுப்பு வெள்ளைச் சட்டைதான். மெல்பர்ன் அவனுக்கு இன்னொரு ஊர், அவ்வளவுதான்.

இனி மிட்ஃபீல்டர் என்ன செய்கிறார் என்று பார்ப்போம். ஆட்டம் தொடங்கும்போதும், ஒவ்வொரு கோலுக்குப் பிறகும் பந்து மைதானத்தின் நடுவுக்கு வரும். அங்கே போடப்பட்டிருக்கும் சதுரத்துக்குள் ஒரு அணிக்கு நான்கு பேர்தான் நிற்கலாம். அதில் ஒருவர் ரக்மேன், ரொம்ப உயரமானவர். மற்ற மூவர் மிட்ஃபீல்டர்கள். நடுவர் பந்தை மேலே எழுப்புவார். இரண்டு ரக்மேன்களும் எகிறித் தட்டுவார்கள். பந்து எந்தப் பக்கம் விழும் என்பதை அரை விநாடிக்கு முன்பே ஊகித்து அந்த இடத்தில் இருப்பதுதான் மிட்ஃபீல்டரின் முதல் வேலை. பந்து நீள்வட்டம், தரையில் பட்டால் எங்கே துள்ளும் என்று அதற்கே தெரியாது. குனிந்து அள்ள வேண்டும். அள்ளும்போதே இடுப்பில் ஒருவர் வந்து மோதுவார், தோளில் இன்னொருவர் தொங்குவார். பந்தை எறிவது குற்றம். ஒரு கையில் வைத்து மறு கை முஷ்டியால் குத்தி அனுப்ப வேண்டும், இல்லையென்றால் உதைக்க வேண்டும். தப்பிக்க வாய்ப்பிருந்தும் பந்தோடு மாட்டிக்கொண்டால் எதிரணிக்கு ஃப்ரீ கிக். அந்த நெரிசலிலிருந்து பந்தைத் தம் அணிக்காக வெளியே எடுத்தால் அதற்குப் பெயர் கிளியரன்ஸ். மிட்ஃபீல்டர்களை அளக்கும் முக்கியமான கணக்கு அது.

இதையெல்லாம் செய்துகொண்டே மைதானத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு ஓட வேண்டும். ஒரு ஆட்டத்தில் 12, 13 கிலோமீட்டர் ஓடுவது சாதாரணம். நன்றாக ஆடுகிறவர் என்றால், அவரை நிழல்போல ஒட்டிக்கொண்டு தொந்தரவு செய்வதற்கென்றே எதிரணி ஒருவரை அனுப்பும். 'டேகர்' என்பார்கள். நாள் முழுக்க அவர் சட்டையைப் பிடித்து இழுப்பார், வழியில் வந்து நிற்பார், முழங்கையால் இடிப்பார். அதையும் தாங்க வேண்டும்.

ஏஎஃப்எல்லில் இதை ஸ்டேடியத்தின் மேல் அடுக்கிலிருந்து பார்ப்போம். மாநில லீக்கில் ஒரு வசதி இருக்கிறது. கால் பகுதி ஆட்டம் முடிந்ததும் வேலியைத் தாண்டிப் பொதுமக்கள் மைதானத்துக்குள் போகலாம். பயிற்சியாளர் வீரர்களை வட்டமாக நிறுத்திப் பேசுவதைப் பின்னால் நின்று கேட்கலாம். நான் எப்போதும் போவேன். ஒரு மழைநாளில், மூன்றாம் பகுதி முடிந்த இடைவேளையில், எனக்கு முன்னால் ஒரு மிட்ஃபீல்டர் நின்றார். இரண்டு கைகளிலும் இரண்டிரண்டு விரல்களைச் சேர்த்து டேப் சுற்றியிருந்தது. காது மடலில் சேறு, முழங்காலில் ரத்தமும் சேறும் கலந்து ஒழுகிக்கொண்டிருந்தது. உடம்பிலிருந்து ஆவி எழுவது கண்ணுக்குத் தெரிந்தது. பயிற்சியாளர் பேசப் பேச, அந்த மிட்ஃபீல்டர் தன் பக்கத்தில் நின்ற பதினெட்டு வயதுப் பையனின் கழுத்தைத் தன் கையால் வளைத்துப் பிடித்துக்கொண்டு காதில் ஏதோ சொல்லிக்கொண்டே இருந்தார். அடுத்த பகுதியில் அந்தப் பையன் எங்கே நிற்க வேண்டும் என்று சொல்கிறார் என நினைக்கிறேன். திங்கட்கிழமை காலை ஏழு மணிக்கு அந்த மனிதர் கட்டட வேலைக்குப் போக வேண்டும். இதைப் பார்த்த பிறகு அந்த ஆட்டத்தை 'இரண்டாம் தரம்' என்று சொல்ல எனக்கு நாக்கு வரவில்லை.

இந்த லீக் எவ்வளவு உயரத்துக்குப் போகும் என்பதற்கு ஒரே ஒருவரைச் சொல்லச் சொன்னால் ரஸ்ஸல் ஈபர்ட்டைச் சொல்வேன். 1949இல் தெற்கு ஆஸ்திரேலியாவின் ரிவர்லேண்டில், பெர்ரியில் பிறந்தவர். 1968இல் போர்ட் அடிலெய்டுக்கு ஆட வந்தார். அந்தக் காலத்தில் மிட்ஃபீல்டர் என்ற பொதுப்பெயர் புழக்கத்தில் இல்லை. சென்டர், ரோவர், ரக்-ரோவர் என்று தனித்தனியாகச் சொல்வார்கள். முன்வரிசையில் தொடங்கிய ஈபர்ட் நடுக்களத்துக்கு வந்த பிறகுதான் முழு ஈபர்ட் ஆனார். திடமான உடம்பு, எவ்வளவு பேர் தொங்கினாலும் கைகளைமட்டும் விடுவித்துக்கொள்ளும் சாமர்த்தியம், அங்கிருந்து துல்லியமாக ஒரு ஹேண்ட்பால், அதாவது முஷ்டியால் குத்தி அனுப்புவது. அவர் ஆடத் தொடங்கிய நாட்களில், இன்றுபோல் வெளியே போய் உட்கார்ந்து மூச்சு வாங்கித் திரும்பும் ஏற்பாடும் கிடையாது. மாற்று ஆட்டக்காரர் இரண்டே பேர். மாற்றப்பட்டவர் மறுபடி உள்ளே வர முடியாது.

எஸ்ஏஎன்எஃப்எல்லில் நடுவர்களின் வாக்குகளால் தேர்ந்தெடுக்கப்படும் ஆண்டின் சிறந்த வீரருக்கு மகேரி பதக்கம் தருகிறார்கள். 1898இலிருந்து தரப்படும் பதக்கம் அது. ஈபர்ட் அதை 1971, 1974, 1976, 1980 என்று நான்கு முறை வாங்கினார். நான்கு முறை வாங்கியவர் அவர் ஒருவர்தான்.

ஆனால் பதக்கம் வாங்கிய வருடங்களில் எல்லாமே இனிக்கவில்லை. 1976இல் அவருக்கு மூன்றாவது மகேரி கிடைத்தது. போர்ட்டும் இறுதியாட்டத்துக்குப் போனது. அடிலெய்டின் ஃபுட்பால் பார்க் மைதானத்தில் அன்று கணக்கில் வந்த கூட்டம் மட்டும் 66,897. மாநில லீக் ஆட்டம் ஒன்றுக்கு அத்தனை பேர்! அதில் போர்ட் ஸ்டர்ட்டிடம் தோற்றது. அடுத்த வருடமே கிளனெல்கை வென்று கோப்பையைத் தூக்கினார்கள். 1965க்குப் பிறகு போர்ட்டுக்குக் கிடைத்த முதல் கோப்பை அது. பன்னிரண்டு வருடப் பசி.

மெல்பர்ன் கிளப்புகள் அவரை விட்டுவைத்தன என்று நினைக்காதீர்கள். பல வருடம் துரத்தினார்கள். கடைசியில் 1979இல் ஒரே ஒரு பருவம் நார்த் மெல்பர்னுக்குப் போனார். 25 ஆட்டங்கள் ஆடினார். நார்த் அந்த வருடம் இறுதியாட்டத்தை எட்டவில்லை. அவர் அங்கே இருந்த அதே 1979இல், இங்கே போர்ட் அடிலெய்டு அவர் இல்லாமலேயே கோப்பையை வென்றது. இந்த ஒரு விஷயத்தை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனசுக்குள் என்னமோ செய்யும். மெல்பர்னில் தொடர்ந்து ஆடியிருந்தால் ஆடியிருக்கலாம். அவர் ஊருக்குத் திரும்பினார். 1980இல் நான்காவது மகேரி, கூடவே நார்வுட்டை வென்று கோப்பை. 1981இல் மறுபடி கோப்பை. இறுதியாட்டத்தின் சிறந்த வீரருக்கான ஜாக் ஓட்டி பதக்கம் அந்த வருடம்தான் முதன்முதலாகத் தரப்பட்டது, அதையும் அவரே வாங்கினார். அப்போது அவருக்கு வயது 32.

1985 வரை ஆடினார். போர்ட் அடிலெய்டுக்காக மொத்தம் 392 ஆட்டங்கள். கடைசி மூன்று வருடம் ஆடிக்கொண்டே பயிற்சியாளராகவும் இருந்தார். அவர் மகன் பிரெட் ஈபர்ட் 2003இல் அதே மகேரி பதக்கத்தை வென்றார், ஏஎஃப்எல்லில் போர்ட்டுக்கும் ஆடினார். 2021 நவம்பரில் ரஸ்ஸல் ரத்தப் புற்றுநோயால் இறந்தார். அடிலெய்டு ஓவலில் அவருக்குச் சிலை இருக்கிறது. விக்டோரியாவின் முதல்நிலை லீக்கில் அவர் ஆடியது 25 ஆட்டம்; அந்த அளவுகோலை மட்டும் வைத்துப் பார்த்தால் அவர் ஒரு சாதாரண ஆள். அந்தச் சிலையின் முன்னால் நின்று யாராவது அப்படிச் சொல்லட்டும் பார்ப்போம்.

அவருக்குச் சமமாக இந்த ஊரில் பேசப்படுகிறவர் பாரி ராப்ரன். வயல்லாவிலிருந்து வந்து நார்த் அடிலெய்டுக்கு ஆடியவர். 1968, 1970, 1973 என்று மூன்று மகேரி. மெல்பர்னுக்குப் போகவே இல்லை. 1972இல் மாநில சாம்பியன்கள் மோதிய போட்டியில் நார்த் அடிலெய்டு, விக்டோரியா சாம்பியன் கார்ல்டனை ஒரே ஒரு புள்ளியில் தோற்கடித்தது. ஆஸ்திரேலியன் ஃபுட்பாலின் ஹால் ஆஃப் ஃபேமில் 'லெஜண்ட்' என்ற உச்ச நிலைக்கு, விக்டோரியாவில் ஆடாமலேயே உயர்த்தப்பட்ட முதல் ஆள் ராப்ரன்தான். ஈபர்ட்டா ராப்ரனா என்று கேட்டால் இங்கே இன்றைக்கும் சாப்பாட்டு மேஜையில் சண்டை வரும். என் ஓட்டு ஈபர்ட்டுக்கு. 392 ஆட்டம் என்பது விளையாட்டில்லை.

சரி, அது அந்தக் காலம். பிறகு என்ன ஆனது? பணம் ஆனது. 1970களிலேயே விக்டோரியாவின் கிளப்புகள் மற்ற மாநிலங்களின் நல்ல ஆட்டக்காரர்களை வாங்கிக்கொண்டிருந்தன. 1977 அக்டோபரில் பெர்த்தின் சுபியாக்கோவில் முதன்முறையாக, எங்கே ஆடினாலும் சொந்த மாநிலத்துக்காக ஆடலாம் என்ற விதியுடன் ஒரு ஆட்டம் நடந்தது. மெல்பர்னில் ஆடிக்கொண்டிருந்த மேற்கத்திய வீரர்கள் தம் மாநிலத்துக்காக வந்து ஆட, மேற்கு ஆஸ்திரேலியா விக்டோரியாவை 94 புள்ளி வித்தியாசத்தில் நொறுக்கியது. யாருடைய ஆட்களை வைத்து விக்டோரியா அதுவரை ஜெயித்துக்கொண்டிருந்தது என்று அன்றைக்கு எல்லோருக்கும் விளங்கியது. ஆனாலும் ஓட்டம் நிற்கவில்லை. 1986இல் தேசிய டிராஃப்ட் வந்தது, அதாவது கிளப்புகள் முறைவைத்து நாடு முழுவதிலிருந்தும் புது வீரர்களைத் தேர்ந்தெடுக்கும் ஏற்பாடு. அதன்பிறகு அடிலெய்டிலும் பெர்த்திலும் சொந்த ஏஎஃப்எல் அணிகள் வர, மாநில லீக் ஒரு படி கீழே இறங்கியது. இன்று எஸ்ஏஎன்எஃப்எல்லில் அடிலெய்டு, போர்ட் அடிலெய்டு ஆகிய ஏஎஃப்எல் கிளப்புகளின் ரிசர்வ் அணிகளும் ஆடுகின்றன. ஈபர்ட்டின் பழைய சட்டைக்கு இது வலிக்கும் விஷயம்தான். இதைப் பற்றி இங்கே கசப்பு இன்னும் போகவில்லை.

ஆக, இன்றைக்கு ஒரு பையன் மாநில லீக் மிட்ஃபீல்டர் ஆவது எப்படி? பதினாறு வயதில் கிளப்பின் இளையோர் அணி. பிறகு பதினெட்டு வயதுக்குட்பட்டோர் அணி. பெர்த்தில் அதைக் 'கோல்ட்ஸ்' என்பார்கள். பெரும்பாலும் அந்தப் பதினெட்டு வயதில்தான் டிராஃப்ட் வரும். நவம்பரில் ஒரு இரவு, குடும்பமே டிவி முன்னால் உட்கார்ந்திருக்கும். பெயர் வந்தால் சில நாளில் பெட்டி கட்ட வேண்டும். வராவிட்டால், மறுபடி வழக்கமான பயிற்சி.

அந்தப் பயிற்சியைக் கொஞ்சம் கணக்குப் போட்டுப் பாருங்கள். ஏப்ரலில் பருவம் தொடங்கி செப்டம்பரில் முடியும். அதற்கான தயாரிப்பு முந்தைய நவம்பரிலேயே ஆரம்பித்துவிடும், 40 டிகிரி வெயிலில். வாரத்தில் இரண்டு மூன்று மாலைகள், வேலை முடிந்து. ஆசிரியர், எலக்ட்ரீஷியன், பிளம்பர், தச்சர், பிசியோதெரபிஸ்ட் என்று ஒரே அணியில் எல்லாத் தொழிலும் இருக்கும். சனிக்கிழமை ஆட்டம். ஆட்டத்துக்குச் சம்பளம் உண்டு, ஆனால் அதை வைத்துக் குடும்பம் நடத்த முடியாது. வீட்டுக் கடனில் கொஞ்சம் அடைக்கலாம். தோள் பிசகினால் ஃபுட்டி மட்டும் போகாது, கட்டட வேலை செய்கிறவருக்குச் சோறும் சேர்ந்து போகும். ஏஎஃப்எல் வீரருக்கு உடம்பைப் பார்த்துக்கொள்வதுதான் வேலை. இவர்களுக்கு அது வேலைக்குப் பிறகு மிச்சமிருக்கும் நேரத்தில்.

இவ்வளவு செய்தும் ஏன் ஏஎஃப்எல் எடுப்பதில்லை? அதுவும் மிட்ஃபீல்டர்களை? வாரம் 30 முறை பந்தைத் தொடுகிறார், பதக்கம் வாங்குகிறார், இருந்தும் யாரும் கூப்பிடுவதில்லை. எனக்குத் தெரிந்தவரை காரணம் இதுதான்: நெரிசலில் பந்தெடுக்கும் ஆட்கள் ஏஎஃப்எல் கிளப்புகளிடம் ஏற்கெனவே நிறைய இருக்கிறார்கள். வெளியிலிருந்து ஒருவரை எடுப்பதென்றால் அவரிடம் வேறு ஏதாவது இருக்க வேண்டும்: நல்ல வேகம், அல்லது முன்வரிசையில் கோல் அடிக்கும் திறமை. மாநில லீக்கின் மிகச்சிறந்த மிட்ஃபீல்டர்களைப் பற்றி, ஏஎஃப்எல் கிளப்புகளுக்கு ஆள் தேடும் ரெக்ரூட்டர்கள் திரும்பத் திரும்பச் சொல்வது ஒரே வார்த்தை, 'ஸ்லோ'. அப்புறம் வயது. 24 வயதுக்காரரைவிட 18 வயதுக்காரரிடம் பத்து வருடம் கிடைக்கும் என்பது அவர்கள் கணக்கு.

அந்தக் கணக்கு எத்தனை முறை தப்பியிருக்கிறது என்பதற்கு நல்ல சாட்சி மேட் பிரிடிஸ். பெர்த்தின் சுபியாக்கோ கிளப் மிட்ஃபீல்டர். ஸ்லோ என்று டிராஃப்டில் ஒதுக்கப்பட்டவர். 2005 கடைசியில் வெஸ்ட் கோஸ்ட் அவரை ரூக்கி பட்டியலில், அதாவது முதன்மைப் பட்டியலுக்கு வெளியே, சேர்த்துக்கொண்டது. அந்த அணியின் நடுக்களத்தில் அப்போது கிறிஸ் ஜட், பென் கசின்ஸ், டேனியல் கெர் மூவரும் இருந்தார்கள். இடமே இல்லை. 2006இல் பிரிடிஸ் பெரும்பாலும் சுபியாக்கோவுக்கே ஆடி, வாஃபிளின் உயரிய விருதான சாண்டோவர் பதக்கத்தை வென்றார். அதே வருடம் வெஸ்ட் கோஸ்ட் ஏஎஃப்எல் கோப்பையை வென்றது. அந்த இறுதியாட்ட அணியில் அவர் இல்லை. 2007 முடிவில் கசின்ஸும் ஜட்டும் கிளப்பை விட்டுப் போனபோதுதான் கதவு முழுசாகத் திறந்தது. 2014இல் ஏஎஃப்எல்லின் மிக உயர்ந்த தனிநபர் விருதான பிரவுன்லோ பதக்கம் 26 வாக்குகளோடு அவருக்கு வந்தது. அறிவிப்பு வந்தபோது அவர் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும், நிஜமாகவே எதிர்பார்க்கவில்லை. வெஸ்ட் கோஸ்ட்டுக்கு 240 ஆட்டங்கள் ஆடி 2017இல் ஓய்வு பெற்றார். அவருக்கு முன்னால் இந்த இரண்டு பதக்கங்களையும் வென்ற ஹேடன் பண்டனும் சுபியாக்கோவுக்கு ஆடியவர்தான். ஆனால் அவர் தலைகீழ் வழியில் வந்தார், 1930களில் மெல்பர்னின் ஃபிட்ஸ்ராய்க்கு ஆடி மூன்று பிரவுன்லோ வாங்கிவிட்டுப் பெர்த்துக்கு வந்து மூன்று சாண்டோவர் வாங்கினார்.

மைக்கேல் பார்லோ கதை வேறு மாதிரி. ஷெப்பர்டன் பக்கத்து ஆள். விஎஃப்எல்லில் வெரிபி அணிக்கு ஆடிக்கொண்டிருந்தார். 2009இல் அந்த லீக்கின் சிறந்த இளம் வீரருக்கான ஃபாதர்கில்-ரவுண்ட் பதக்கம் வாங்கிய பிறகு, ஃப்ரீமாண்டில் ரூக்கியாக எடுத்தது. 2010இல் 22 வயதில் வந்து முதல் ஆட்டத்திலிருந்தே பிரமாதப்படுத்தினார். ஜூலையில், பருவத்தின் நடுவில், கால் எலும்பு உடைந்தது. அதன்பிறகும் நூறு ஆட்டங்களுக்கு மேல் ஆடினார் என்பதுதான் எனக்கு வியப்பு. ஏஎஃப்எல் முடிந்ததும் எங்கே போனார்? வெரிபிக்கே. அங்கே ஆடினார், பயிற்சியாளராகவும் இருந்தார்.

அடுத்து, வாஃபிளில் ஆடும் சவுத் ஃப்ரீமாண்டில் கிளப்பை எடுத்துக்கொள்ளுங்கள். 2017இல் அங்கே நடுக்களத்தில் டிம் கெல்லியும் ஹேடன் ஷ்லொய்தியும் சேர்ந்து ஆடினார்கள். அந்த வருடம் சாண்டோவர் பதக்கம் ஷ்லொய்திக்கு. டிராஃப்டில் 24ஆவது தேர்வாக ஜீலாங் எடுத்தது கெல்லியை. அப்போது கெல்லிக்கு 23 வயது, பிள்ளைகளுக்குத் தகப்பன், முந்தைய டிராஃப்டுகளில் கைவிடப்பட்டவர். இரண்டே வருடத்தில், 2019இல், ஏஎஃப்எல்லின் ஆண்டு நட்சத்திர அணியான ஆல்-ஆஸ்திரேலியனில் அவர் இருந்தார். ஷ்லொய்தி ஏஎஃப்எல்லில் ஆடவே இல்லை. சவுத் ஃப்ரீமாண்டிலிலேயே தொடர்ந்தார், 2020இல் அந்த கிளப் வாஃபிள் கோப்பையை வென்றது. ஒரே மைதானம், ஒரே சட்டை, ஒரே நடுச்சதுரம். ஒருவரைவிட ஒருவர் உழைப்பில் குறைந்தவர் என்று யாரால் சொல்ல முடியும்?

அப்புறம் மார்லியன் பிக்கெட். இவரைப் பற்றிச் சொல்லாமல் இந்தப் பதில் முடியாது. இவரும் சவுத் ஃப்ரீமாண்டில்தான். இளம் வயதில் சிறையில் இருந்துவிட்டு வந்தவர். வெளியே வந்து ஆடி ஆடி, ஒவ்வொரு டிராஃப்டிலும் ஏமாந்து, 27 வயதாகிவிட்டது. நான்கு பிள்ளைகள். 2019இல் ஏஎஃப்எல் பருவத்தின் நடுவே ஆள் எடுக்கும் டிராஃப்டை மறுபடி கொண்டுவந்தது. ரிச்மண்டில் ஷான் கிரிக் என்ற வீரர் பருவத்தின் நடுவில் ஓய்வு பெற்றதால் ஒரு இடம் காலியானது. அந்த இடத்துக்கு மே மாதம் பிக்கெட்டை எடுத்தார்கள், விரல் உடைந்திருந்த நிலையில். குணமானதும் ரிச்மண்டின் விஎஃப்எல் அணியில் ஆடினார். செப்டம்பரில் விஎஃப்எல் இறுதியாட்டம். வில்லியம்ஸ்டவுனை மூன்று புள்ளியில் வென்றார்கள், சிறந்த வீரர் பிக்கெட். அதே நேரத்தில் மேலே ஏஎஃப்எல் அணியில் ஜாக் கிரகாமுக்குத் தோளில் அடி. ஆறு நாள் கழித்து, செப்டம்பர் 28 அன்று, எம்சிஜியில் 1,00,014 பேர் முன்னால் ஏஎஃப்எல் இறுதியாட்டத்தில் பிக்கெட் தன் முதல் ஆட்டத்தை ஆடினார். 1952க்குப் பிறகு இறுதியாட்டத்தில் அறிமுகமான முதல் ஆள். பந்தைக் கையில் வைத்துக்கொண்டு, பின்னால் வருகிறவரைப் பார்க்காமலேயே சுழன்று திரும்பி அவரை ஏமாற்றிய அந்த ஒரு அசைவு! மூன்றாம் பகுதியில் அவர் கோல் அடித்ததும் ரிச்மண்ட் வீரர்கள் எல்லாத் திசையிலிருந்தும் அவரை நோக்கி ஓடி வந்தார்கள். 22 முறை பந்தைத் தொட்டார். ரிச்மண்ட் 89 புள்ளியில் ஜெயித்தது. அந்தச் சுழற்சி அன்று எம்சிஜியில் பிறந்ததில்லை. ஃப்ரீமாண்டிலின் காற்றடிக்கும் மைதானத்தில் சில ஆயிரம் பேர் அதை வருடக்கணக்கில் பார்த்திருந்தார்கள்.

இவர்கள் விதிவிலக்குகள். பெரும்பாலானவர்களின் கதையில் அந்தத் தொலைபேசி வராது. 25, 26 வயதில் ஒரு நாள் அதற்காகக் காத்திருப்பதை மனசு நிறுத்திவிடும் என்று ஆடியவர்களோடு பேசும்போது புரிந்துகொண்டேன். விசித்திரம் என்னவென்றால், பலருக்கு அதற்குப் பிறகுதான் சிறந்த ஆட்டம் வருகிறது. ரெக்ரூட்டருக்குக் காட்டுவதற்காக ஓடியவர், பக்கத்தில் நிற்கும் பையனுக்காக ஓடத் தொடங்குகிறார். நான் மழையில் பார்த்தவர் அப்படிப்பட்டவர் என்றுதான் நினைக்கிறேன்.

முப்பதை நெருங்கும்போது உடம்பு கணக்குக் கேட்கும். அப்போது பலர் கிராமப்புற லீக்குகளுக்கு நகர்கிறார்கள். அங்கே பயிற்சி குறைவு, ஆட்டத்துக்கு நல்ல பணம், மாநில லீக்கில் ஆடியவர் என்ற மரியாதை வேறு. சிலர் ஆடிக்கொண்டே பயிற்சியாளர் ஆவார்கள். சிலர் கிளப்பிலேயே தங்கி, இளையோருக்குச் சொல்லிக்கொடுப்பார்கள், ரன்னராக, பயிற்சியாளர் சொல்வதைக் களத்தில் இருக்கும் வீரர்களிடம் கொண்டு ஓடுவார்கள்.

நீங்கள் படித்த அந்தக் குறிப்பை மறுபடி எடுத்துப் பாருங்கள். முதல் அணியில் எத்தனை ஆட்டம் என்று பாருங்கள். நூறு தாண்டியிருந்தால், வேலை பார்த்துக்கொண்டே ஆறேழு வருடம் ஒவ்வொரு வாரமும் ஒரு இளைஞனிடமிருந்து தன் இடத்தைக் காத்திருக்கிறார் என்று அர்த்தம். இருநூறு தாண்டியிருந்தால் அந்த கிளப்பில் அவர் பெயரைத் தெரியாதவர் இருக்க மாட்டார்கள். கிளப்பின் சிறந்த வீரர் விருது எத்தனை முறை, நடுவில் எத்தனை வருடம் விட்டு என்று பாருங்கள். காயத்திலிருந்து திரும்பி வந்த கதை அந்த இடைவெளியில்தான் இருக்கும். மாநில அணிக்கு ஆடியிருக்கிறாரா, தலைவராக இருந்திருக்கிறாரா, கோப்பை வென்ற அணியில் இருந்தாரா என்று பாருங்கள். ஏஎஃப்எல் ஆட்டங்கள் என்ற வரியைக் கடைசியாகப் பாருங்கள்.